நோயா, தீர்ப்பா?

"அய்யா, போன பிறவியில் பாவம் செய்தவர்களுக்குத்தானே தொழுநோய் வரும்?"

வடகவுஞ்சியில், பேருந்துக்காகக் காத்திருந்த வேளையில், என் மாணவன் கேட்டான். மடங்கிய விரல்களோடு ஒரு முதியவர் அமர்ந்திருந்தார். நோய் நீங்கிப் பல்லாண்டு ஆனவர். அவர் பக்கத்து இடம் மட்டும் காலி! கேட்டவன் சிறுவன், கற்பித்தவர்களோ பெரியவர்கள்!

"பாவமல்ல தம்பி, கிருமி" என்றேன். 1873-லேயே நார்வே நாட்டு மருத்துவர் ஹான்சன் அதைக் கண்டறிந்தார். விரல்கள் தாமே அழுகி விழுவதுமில்லை. கிருமி நரம்பைத் தாக்குகிறது, உணர்ச்சி மறைகிறது, சுட்டாலும் அறியாத கை புண்பட்டுச் சிதைகிறது. வேலூரில் மருத்துவர் பால் பிராண்ட் இவ்வுண்மையை விளக்கியதோடு, மடங்கிய விரல்களை அறுவைச் சிகிச்சையால் நிமிர்த்தியும் காட்டினார். 1980-களில் வந்த கூட்டு மருந்து, ஆறு திங்களிலோ ஓராண்டிலோ நோயை நீக்குகிறது. அரசு மருத்துவ நிலையங்களில் விலையின்றிக் கிடைக்கிறது.

கிருமிக்கு மருந்து வந்தது, இழிவுக்கு வந்ததா? 1898-ல் வெள்ளையர் இயற்றிய தொழுநோயாளர் சட்டம் 2016-ல்தான் நீக்கப்பட்டது. மணவிலக்குக்குத் தொழுநோயே காரணமாகலாம் என்ற விதி 2019 வரை வாழ்ந்தது!

வைதிகரை மட்டும் சாடிவிட்டு நாம் தப்பலாமா, தோழர்களே? 1954-ல் வெளிவந்த 'இரத்தக்கண்ணீர்' படத்தை எண்ணுங்கள். மூடநம்பிக்கையைச் சாடிய நடிகவேள் எம். ஆர். இராதா, அதில் தாயை மதியாது, மனைவியைப் புறக்கணித்துத் திரியும் செல்வன், பின்னர், தொழுநோயாளன். கண்டு நானும் கைதட்டினேன். நடிப்புக்காக மட்டுமா? "வேண்டும் இவனுக்கு!" என்ற நிறைவுக்காகவும்தான். ஒப்புக்கொள்ள நாணுகிறேன்.

கொடியவனைத் தண்டிக்க வேண்டாமா என்பீர். வேண்டும், சட்டத்தால், ஊரார் கண்டனத்தால்! நோயைத் தண்டனையாக்கினால், அதே நோயுற்ற குற்றமற்ற ஏழைத் தாயும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றப்படுகிறாளே! சாதிக்குக் காரணம் முன்வினை என்றபோது பொய் என்றோம். நோய்க்குக் காரணம் முன்வினை என்றால் மட்டும் மெய்யாகிவிடுமா? பிறவியை நீக்கிவிட்டு வினையை மட்டும் வைத்துக்கொள்வது பகுத்தறிவாகாது.

"அப்படியானால் அவர் பக்கத்தில் உட்காரலாமா, அய்யா?" என்றான் சிறுவன்.

அப்போதுதான் உணர்ந்தேன்: இத்தனையும் பேசிய நான் நின்றுகொண்டே இருந்தேன்! சென்று அமர்ந்தேன். அவனும் வந்து அமர்ந்தான். முதியவர் சற்று நகர்ந்து இடம் தந்தார்.