மெத்தையின் மடிப்பும் மனச்சாட்சியும்



நடமாட முடியாத ஒருவரைப் படுக்கையில் வைத்துப் பராமரிக்கும் குடும்பங்கள் நம்முள் பல உண்டு. அப்படிப்பட்ட ஒரு வீட்டைச் சற்று நினைத்துப் பாருங்கள். மரத்திலிருந்து விழுந்த தகப்பனாருக்கு இடுப்புக்குக் கீழே உணர்வில்லை. மகளோ விடியுமுன் எழுந்து, சோறு வடித்து வைத்து, ஆம்பூர் ஷூ கம்பெனி பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறவள். பழைய மெத்தை அப்பாவுக்கு உறுத்துமே என்று சம்பளத்தில் மிச்சம் பிடித்து, அதன்மேல் போட மிருதுவான ஃபோம் மேல்மெத்தை ஒன்று வாங்குகிறாள். படுக்கை நனையாதிருக்க ரெக்சின் விரித்து, அதன்மேல் மேல்மெத்தையைப் போடுகிறாள்.

வழுக்கும் ரெக்சின்மேல் அது நிற்குமா? நாளுக்கு நாள் நகர்கிறது. தகப்பனாரின் இடுப்பின்கீழ் ஒரு மடிப்பு விழுகிறது. அவர் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. சில நாளில் வால் எலும்பருகே புண் கண்டுவிடுகிறது. "அப்பாவுக்கு நான் என்ன குறை வைத்தேன்?" என்று மகள் அழுகிறாள்.

இங்கே இரண்டு கேள்விகள் எழுகின்றன. வலியே தெரியாதவருக்கு நேர்ந்தது தீங்குதானா? தீங்கானால், அந்தக் குற்றம் யாரைச் சேரும்?

முதற் கேள்விக்கு நம் வேலூரே விடை சொல்லியிருக்கிறது. 1914-ல் கொல்லிமலையில் பிறந்த டாக்டர் பால் பிராண்ட், 1946-ல் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்தார். தொழுநோயாளரின் விரல்கள் ஏன் குறைந்துபோகின்றன என்று ஆராய்ந்தார். நோயே சதையைத் தின்றுவிடுகிறது என்று உலகம் எண்ணியிருந்த காலம் அது. அவர் கண்டதோ வேறு. உணர்வற்ற கை சூடான பாத்திரத்தை விடாமல் பிடிக்கிறது. உணர்வற்ற கால் செருப்பிலுள்ள ஆணியின்மேலேயே நாளெல்லாம் நடக்கிறது. சிறு காயங்கள் கவனிப்பின்றிப் பெருகி விரலை அழிக்கின்றன. ஆகையால் வலி என்பது நமக்குச் சத்துரு அல்ல, காவற்காரன். காவற்காரன் இல்லாத வீட்டில் திருட்டு நடந்தால், சத்தம் கேட்கவில்லை என்பதற்காக அது திருட்டு அல்ல என்று சொல்வோமா?

படுக்கைப் புண்ணும் இப்படித்தான் உண்டாகிறது. எலும்புக்கும் மெத்தைக்கும் நடுவே தோல் நசுங்க, நுண்ணிய இரத்தக் குழாய்கள் அடைபட்டு, சதை பட்டினியாய்ச் சாகிறது. நீங்களும் நானும் தூக்கத்திலேயே புரண்டுகொள்கிறோம். அவருக்குப் புரளவும் இயலாது, புரளவேண்டும் என்று தெரியவும் தெரியாது. இங்கிலாந்தில் 1944-ல் டாக்டர் லூட்விக் குட்மன் முதுகுத்தண்டு அடிபட்ட போர்வீரர்களை ஏற்றுக்கொண்டபோது, இரவும் பகலும் இரண்டு மணிக்கொரு தரம் அவர்களைத் திருப்பிப் படுக்கவைக்கவேண்டும் என்று சட்டமாகவே வைத்தார். நம் வேலூரிலும், 1954-ல் விபத்தில் கால்கள் செயலிழந்த டாக்டர் மேரி வர்கீஸ், சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே பிறர் கைகளுக்கு அறுவைச் சிகிச்சை செய்தார். அவருடைய முயற்சியால் 1966-ல் பாகாயத்தில் மறுவாழ்வு நிலையம் திறக்கப்பட்டது. கவனிப்பு உண்டானால் உணர்வற்ற உடலோடும் ஒருவர் பயனுற வாழலாம் என்பதற்கு வேறு சாட்சி வேண்டுமா?

இரண்டாம் கேள்விக்கு வருவோம். மகள் குற்றவாளியா? அல்லவே அல்ல. அறியாமல் செய்த பிழையை மனச்சாட்சி குற்றமாய் எண்ணாது. ஆனால் அறிந்த பின்பு அது கடனாகிறது. அந்தக் கடன் அவள் ஒருத்தியின் தலையில் மட்டும் விழலாமா? "நான் பணம் அனுப்பினேனே" என்கிற அண்ணனுக்கும், "பாவம், எப்படி இருக்கிறார்?" என்று வாசலோடு விசாரித்துப் போகிற நமக்கும் அதில் பங்கில்லையா? மெத்தை வாங்கிக் கொடுத்ததோடு கடமை தீர்ந்தது என்று எண்ணுவதே பெரிய மோசம். பணம் மெத்தையை வாங்கும். இழுத்துச் சரிசெய்யக் கை வேண்டும்.

அந்தக் கைக்குத் தெரியவேண்டியவை கொஞ்சமே. ரெக்சினுக்கும் மேல்மெத்தைக்கும் நடுவே தடித்த பருத்தி ஜமக்காளம் ஒன்றை விரித்தால் வழுக்காது. மேல்மெத்தையின் நான்கு மூலையிலும் அகன்ற எலாஸ்டிக் நாடா தைத்து, அடிமெத்தைக்குக் கீழே மாட்டிவிடுங்கள். முடிச்சு எதுவும் உடம்பின்கீழ் வரலாகாது. தலைப்பக்கத்தை அதிகம் உயர்த்தினால் உடம்பும் மெத்தையும் சேர்ந்து கீழே சரியும். கொஞ்சமாய் உயர்த்தி, முழங்காலின்கீழ் தலையணை வையுங்கள். அவரை இழுக்காமல், இருவராய்த் தூக்கி நகர்த்துங்கள். தினமும் முதுகு, இடுப்பு, குதிகாலைப் பாருங்கள். சிவந்த இடத்தை விரலால் அழுத்தி எடுத்தும் நிறம் வெளுக்காவிட்டால் அது புண்ணின் தொடக்கம். நம் கறுத்த தோலில் நிறம் தெரியாமற் போகலாம். சூடும் தடிப்பும் உண்டா என்று தொட்டுப் பாருங்கள். கண்டால் அந்தப் பக்கம் படுக்கவைக்காமல் மருத்துவரிடம் காட்டுங்கள். எந்த மெத்தையானாலும், திருப்பிப் படுக்கவைப்பதற்கு அது ஈடாகாது.

நம்மில் அநேகர் தோல் பதனிடும் வேலை அறிந்தவர்கள். ஈரத்தோலைச் சட்டத்தில் இழுத்துக் கவ்வி மாட்டும்போது ஒரு சுருக்கத்தை விட்டுவிட்டால், காய்ந்தபின் அது எளிதில் போகாது என்பது உங்களுக்குத் தெரியும். செத்த தோலுக்கு அத்தனை கவனம் காட்டும் கைகள், உயிருள்ள தோலுக்குக் குறைவாய்க் காட்டலாமா? ஒன்றை மட்டும் மறவாதீர்கள். தோலை இழுப்பதுபோல் மேல்விரிப்பை விறைப்பாய் இழுத்துக் கட்டினால், மேல்மெத்தையின் மிருது பயனற்றுப் போகும். நகராமலும் இருக்கவேண்டும், நசுக்காமலும் இருக்கவேண்டும். பராமரிப்பு என்பதும் அதுவே.

தனக்கு வலிப்பதைச் சொல்லுகிறவருக்கு உதவுவது எளிது. சொல்ல அறியாதவருக்காக, அவருடைய உணர்வாய் நாம் இருப்பதே மெய்யான சிநேகம். இன்றிரவு விளக்கை அணைக்குமுன் அவருடைய படுக்கையின்கீழ் ஒருமுறை கையை விட்டுத் தடவிப் பாருங்கள். நம் வீட்டில் அப்படி ஒருவர் இல்லையானால், அடுத்த வீட்டு மகள் ஒரு மணி நேரம் தூங்கும்படி, அவளுக்குப் பதிலாய் நாம் போய்த் தடவிப் பார்ப்போமாக.