சேயாறும் சரசுவதியும்

திருவண்ணாமலைக்கு வடபால் ஓடும் செய்யாறு சவ்வாது மலையிற் பிறந்து பாலாற்றிற் கலப்பது. அம்மையின் பூசைக்கு நீர் வேண்டி முருகப்பெருமான் வேல் எறிய எழுந்த சேயின் ஆறே அஃதென்று தலவரலாறு கூறும். இவ்விரண்டனுள் ஒன்று பொய்யோ எனின், அன்று.

புராண ஆறும் நிலத்தாறும் கலந்து நிற்றல் பண்டை மரபு. இருக்கு வேதத்து ரசை ஓரிடத்து நாட்டாறாகவும், பிறிதோரிடத்து உலகெல்லையிற் கடத்தற்கரிய ஆறாகவும் வரும். அவ்வேதம் போற்றும் சரசுவதி மணலுள் மறைந்ததென்று பின்னூல்கள் கூறும். ஸகரம் ஹகரமாகத் திரிதலின், ஈரானியர் மறையாகிய அவெஸ்தாவில் அப்பெயரே 'ஹரக்வைதி' என்றாகி, ஆப்கானிஸ்தானத்து அர்கந்தாப் ஆற்று நாட்டைக் குறிக்கும். 'பொய்கைகள் உடையது' என்பது அப்பெயரின் பொருள். ஆறு வேறாயினும், உயிரூட்டிய நீரைத் தெய்வமெனக் கண்ட உள்ளம் ஒன்றே.

ஆகலின் நிலநூல் நீரின் வரவை உணர்த்தும். புராணம் அதனை அருளெனக் கொள்ளுமாறு உணர்த்தும். ரதசப்தமியன்று அண்ணாமலையார் தீர்த்தவாரி கொள்ளக் கலசபாக்கத்துச் செய்யாற்றிற்கு எழுந்தருளுகின்றார். அன்று நீராடி, மறுநாள் அவ்வாற்றின் மணலைக் கொள்ளையிட்டுக் கழிவையும் விடுவோன், புராணத்தைப் பொய்யென்பவனினும் கொடியன். அவன் அதனைச் செயலாற் பொய்யாக்குகின்றான்.