அளவில் பிழையில்லை

முப்பத்தொரு வருஷம் நில அளவையில் சங்கிலி இழுத்தவன் நான். எஃப்.எம்.பி. என்ற புல அளவைப் புத்தகம் எனக்கு வேதவாக்கு. ஒருமுறை எல்லைக்கல் நட்டுவிட்டுத் திரும்பும்போது ஒரு பெரியவர், "அளவு சரிதான் சார். பட்டாவுல அந்தப் பேரு எப்பிடி ஏறிச்சுன்னு சொல்லுங்க" என்றார். அது தாசில்தார் வேலை என்று நழுவிவிட்டேன். ஓய்வுபெற்ற பிறகு, அயர்லாந்தை அளந்த வில்லியம் பெட்டியைப் பற்றிப் படிக்கும்போது அந்தக் கேள்வி திரும்பி வந்தது.

பெட்டி டாக்டர். ஆங்கிலத் தளபதி கிராம்வெல்லின் படைக்கு வைத்தியம் பார்க்க அயர்லாந்து போனவர். 1652ஆம் ஆண்டு ஆங்கிலேயர் போட்ட சட்டம் பெரும்பாலான கத்தோலிக்க நிலக்காரர்களின் சொத்தைப் பறித்தது. அவர்கள் ஷானன் ஆற்றுக்கு மேற்கே, கன்னாக்டுக்குப் போய்விட வேண்டும். கெடு 1654 மே 1. சம்பள பாக்கிக்குப் பதிலாகச் சிப்பாய்களுக்கு நிலம். பங்கு போட அளவு வேண்டுமே! 13 மாதத்தில் முடிக்கிறேன் என்று பெட்டி ஒப்பந்தம் எழுதினார். படைவீரர்களுக்கே சங்கிலி பிடிக்கக் கற்றுக்கொடுத்தார்.

அந்த வரைபடங்களைத் தொழில்காரனின் கண்ணோடு பார்த்தேன். குறை சொல்ல மனசு வரவில்லை. சதுப்பும் மலையும் 'பயன்படாத நிலம்' என்று தனியாகக் கழிக்கப்பட்டிருக்கின்றன. கூடவே ஒரு பதிவேடு: 1641இல் யார் உடைமை, எத்தனை ஏக்கர். பெயருக்குப் பக்கத்தில் சுருக்கெழுத்தில் அவர் எந்தச் சபை என்ற குறிப்பு. போப்பை ஏற்பவரா, புராட்டஸ்டண்டா? ஆண்டவனை எப்படிக் கும்பிடுகிறான் என்பது மண்வகை மாதிரி ஒரு விவரமாகிவிட்டது. சிப்பாய்களின் நிலப் பத்திரங்களை மலிவாக வாங்கி பெட்டியும் கெர்ரியில் பெரிய நிலக்காரர் ஆனார். (எங்கள் ஆபீசில் இதற்கு வேறு பெயர்.)

சரி, பறித்தது அநியாயம். எத்தனை தலைமுறைக்கு? தத்துவ அறிஞர் ஜான் லாக், வென்றவனுக்குத் தோற்றவனுடைய பிள்ளைகளின் நிலத்தில் உரிமையில்லை என்றார். டப்ளினில் கத்தோலிக்கத் தாய்க்குப் பிறந்த அரசியல்வாதி எட்மண்ட் பர்க்கோ, நெடுங்கால அனுபோகமே உரிமை என்றார்; கிண்டிப் பார்த்தால் எந்தப் பத்திரமும் நிற்காது என்ற பயம் அவருக்கு. என் தொழில் பர்க் பக்கம் இழுக்கிறது. 1609இல் தொடங்கிய பிரிட்டிஷ் குடியேற்றத்தில் அயர்லாந்தின் வடக்கேயுள்ள அல்ஸ்டருக்கு வந்தவனின் வாரிசு, அங்கேயே பிறந்து, வடிகால் வெட்டி, அங்கேயே புதைகிறான். அவன் கல்லைப் பிடுங்க என் கை போகாது. ஆனால் பர்க்கின் நியாயத்தில் ஒரு கோளாறு: பறித்தவன் கொஞ்சம் பொறுமையாக இருந்தால் போதும், காலம் அவனுக்காகக் கையெழுத்துப் போட்டுவிடும்.

கடைசியில் நிலம் திரும்பியது விலைக்குத்தான். 1903ஆம் ஆண்டு பிரிட்டிஷ் நிலச் சட்டம் அயர்லாந்தின் குத்தகைக்காரர்கள் நிலத்தை விலைக்கு வாங்கிக்கொள்ளக் கடன் கொடுத்தது. தவணை அறுபத்தெட்டரை வருஷம். பாட்டன் இழந்ததைப் பேரன் வட்டியோடு வாங்கினான். 1932இல் ஐரிஷ் அரசின் தலைவர் டி வலேரா தவணைப் பணத்தை லண்டனுக்கு அனுப்ப மறுத்தார். பிரிட்டன் ஐரிஷ் மாடுகளுக்கு வரி போட்டது. 1938இல் அயர்லாந்து ஒரு கோடி பவுண்டு கொடுத்துக் கணக்கை முடித்தது. இதை நியாயம் என்று என்னால் சொல்ல முடியவில்லை. சண்டை ஓய்ந்தது, அவ்வளவுதான்.

1707இல் பெட்டியின் வரைபடங்களில் ஒரு தொகுதியைக் கடலில் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்துக்கொண்டு போனார்கள். அது இன்றும் பாரிஸில் இருக்கிறது. இன்று எஞ்சியிருக்கும் பதிவேட்டுப் பக்கங்களில் 1641இன் உடைமைக்காரர் பெயர்கள் அப்படியே நிற்கின்றன. நிலத்தைப் பிடுங்க எழுதிய ஏடுதான் அது யாருடையது என்பதற்கும் சாட்சி. அந்தப் பெரியவர் கேட்டது இந்த ஏட்டைத்தான் என்று நினைக்கிறேன்.