காண்பதும் ஹிம்சையாகுமோ?

சென்ற மார்கழி விடுமுறையில் பாறசாலை, நெய்யாற்றின்கரை எல்லைக் கிராமங்களிலிருந்து நாம் பதினொருவர் இலங்கைக்கு யாத்திரை சென்று மீண்டோம். அநுராதபுரத்தில் மகாபோதி விருட்சத்தையும், கண்டியில் தலதா மாளிகையையும் தரிசித்த பின்னர், தென்கரையில் மாத்தறையை அடுத்துள்ள மிரிஸ்ஸ என்னும் ஊரில் இரண்டு நாள் தங்கி இளைப்பாறினோம். அங்கே படகேறித் திமிங்கிலம் காணச் சென்றதே இக்கட்டுரை எழுதக் காரணமாயிற்று.

ஊர் திரும்பியதும் அன்பர்களிடையே ஒரு வாதம் பிறந்தது. புண்ணிய ஸ்தலங்களைத் தரிசிக்கச் சென்றவர்கள், ஓர் உயிரைத் துரத்திப் பார்க்கும் வேடிக்கையிற் கலந்துகொண்டது முறையோ என்று ஒரு சாரார் வினவினர். கொல்லாமல், தீண்டாமல், கண்ணால் மட்டும் காண்பதில் குற்றம் யாது என்று மற்றொரு சாரார் விடை பகர்ந்தனர். அடுத்த யாத்திரையின் நிகழ்ச்சி நிரலில் அப்படகுப் பயணத்தைச் சேர்ப்பதா, விலக்குவதா என்பதை நாம் முடிவு செய்தாக வேண்டும். ஆதலின், இரு பக்கத்து நியாயங்களையும் பட்சபாதமின்றி ஆராய்தல் நம் கடமையாகின்றது.

முதலில் நடந்தது நடந்தபடி உரைப்போம். காலை ஆறரை மணிக்குப் படகு புறப்பட்டது. இலங்கையின் தென்முனையாகிய தேவேந்திரமுனைக்கு அருகே கரையையொட்டிய ஆழமற்ற கடற்பரப்பு மிகக் குறுகியது. சிறிது தூரம் சென்றாலே பேராழம் வந்துவிடும். அதனாலேயே நீலத் திமிங்கிலங்கள் அங்கே கரைக்கு இவ்வளவு அருகில் உலவுகின்றன. ஒன்றரை மணி நேரம் சென்றபின், தூரத்தில் வெண்ணிற நீராவித் தூண் ஒன்று எழுந்து கலைந்தது. பிறகு அதன் முதுகு தோன்றிற்று, தோன்றிக்கொண்டேயிருந்தது, முடிவே இல்லாததுபோல நீரின் மேல் வழுக்கிச் சென்றது. படகில் இருந்த அனைவரும் வாயடைத்து நின்றோம். நம்முடன் வந்த மூதாட்டி ஒருவர் தம்மையறியாமலே கைகூப்பினார்.

அம்மௌனம் ஒரு நிமிஷமே நீடித்தது. “இன்னும் கிட்டே, இன்னும் கிட்டே” என்று குரல்கள் எழுந்தன. படகோட்டி வேகத்தைக் கூட்டினார். அதற்குள் நாற்புறத்திலிருந்தும் வேறு படகுகள் வந்து சேர்ந்தன. எண்ணிப் பார்த்ததில் ஏழு இருந்தன. திமிங்கிலம் வாலை உயர்த்தி ஆழத்தில் மூழ்கிற்று. கால் மணிக்கூறு சென்று நெடுந்தொலைவில் எழுந்தது. படகுகள் மறுபடியும் பாய்ந்தன. அது மறுபடியும் மூழ்கிற்று. அப்பொழுது நம் கூட்டத்துச் சிறுவன் ஒருவன் தன் தகப்பனாரின் கையைப் பற்றி, “அப்பா, நம்மைக் கண்டுதான் அது ஓடுகிறதா?” என்று கேட்டான். ஒருவரும் மறுமொழி சொல்லவில்லை. “கிட்டே போ” என்று கூவியவர்களில் நாமும் இருந்தோம் என்பதை இங்கே ஒளியாமற் கூறுகின்றோம்.

இனி, படகுப் பயணத்தை ஆதரிப்போர் கூறும் நியாயத்தைக் கேட்போம். திமி என்னும் பெருமீனை விழுங்குவது எதுவோ அதுவே திமிங்கிலம் என்பர் சொற்பொருள் கூறுவோர். விழுங்கும் பிராணி என்று நம் முன்னோர் அஞ்சிப் பெயரிட்டனர். உண்மையிலோ, நீலத் திமிங்கிலம் உண்பது விரலளவினும் சிறிய இறால் இனத்து உயிர்களை. விழுங்கியவன் மனிதனே. சென்ற நூற்றாண்டில் இயந்திரக் கப்பல்களும் வெடியீட்டிகளும் கொண்டு உலகக் கடல்களிலெல்லாம் இவ்வுயிர்களை எண்ணெய்க்காகக் கொன்று குவித்தான். நம் அரபிக்கடலும் இதற்குத் தப்பவில்லை. 1960ஆம் ஆண்டுகளில் சோவியத் வேட்டைக் கப்பல்கள் அரபிக்கடல் தொடங்கி இலங்கை வரையுள்ள பரப்பில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட நீலத் திமிங்கிலங்களைக் கணக்கில் மறைத்துக் கொன்றன. 1966ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் மட்டும் அரபிக்கடலில் இருநூற்றுக்கும் மேற்பட்ட கூனல்முதுகுத் திமிங்கிலங்கள் கொல்லப்பட்டன. 1979இல் இந்துமாக்கடல் திமிங்கிலச் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. வாணிப வேட்டையை நிறுத்தும் சர்வதேசத் தீர்மானம் 1982இல் நிறைவேறி, 1986இல் நடைமுறைக்கு வந்தது.

இவ்வரலாற்றை நோக்கின், உயிரோடு உலவும் திமிங்கிலத்தைக் காண்பதற்கு மனிதர் பணம் கொடுப்பது நல்ல மாறுதல் அன்றோ? செத்த திமிங்கிலத்தால் ஒருவன் ஒருமுறை பிழைத்தான். உயிருள்ள திமிங்கிலத்தால் ஓர் ஊரே ஆண்டுதோறும் பிழைக்கின்றது. மீன்பிடித் தொழிலில் வருவாய் குன்றிய குடும்பங்கள் பல இன்று மிரிஸ்ஸவில் இதனாற் சோறுண்கின்றன. அவ்வுயிரைக் கண்ட சிறுவன் வளர்ந்து அதன் பகைவனாகான். இந்நியாயத்தில் உண்மை உண்டு. நாம் அதனை மறுக்கவில்லை.

ஆயினும், கொல்லாமை என்ற ஒன்றோடு ஜீவகாருண்யம் முடிந்துவிடுமாயின், அண்டை வீட்டாரைக் கொல்லாத ஒவ்வொருவனும் நல்ல அண்டை வீட்டான் ஆகிவிடுவான். பஞ்சசீலத்தின் முதற்சீலம் கொலையை விலக்குகின்றது. அதன் மறுபக்கமாகிய மைத்திரியோ பிற உயிரின் நலத்தை நாடச் சொல்லுகின்றது. திமிங்கிலம் மீனன்று, நம்மைப் போல் நுரையீரலால் மூச்சுவிடுவது, குட்டிக்குப் பாலூட்டுவது. அது மேலே வருவது நமக்குக் காட்சி தருவதற்கன்று, மூச்செடுப்பதற்காகவே. அக்கடலில் அது ஆழத்தில் இரை தேடி, மேலே வந்து மூச்சு வாங்கி, மீண்டும் ஆழத்துக்குச் செல்லுகின்றது. மூச்சு நிறையுமுன் அதனை மூழ்கச் செய்வது, உண்டுகொண்டிருப்பவன் முன்னிருந்து இலையை இழுப்பது போன்றதாகும்.

ஒரு படகு ஒருமுறை இவ்வாறு செய்தால் என்ன கெட்டுவிடும் என்று கேட்கலாம். ஒருமுறை அன்று, பருவம் முழுவதும் நாள்தோறும் பல படகுகள். வேறு கடல்களிலுள்ள நீலத் திமிங்கிலங்கள் துருவக் கடலுக்கும் வெப்பக் கடலுக்கும் இடையே நெடும்பயணம் செய்வன. இந்துமாக்கடலின் வடபகுதியில் வாழ்வனவோ குளிர்ந்த துருவம் நோக்கிச் செல்லாமல் இவ்வெப்பக் கடலிலேயே தங்கி இரையுண்டு ஈனுகின்றன என்பதை இலங்கை ஆராய்ச்சியாளர் ஆஷா டி வோஸ் முதலியோர் விளக்கியுள்ளனர். அவற்றுக்கு ஒதுங்கிப் போக வேறு வீடில்லை. இதனை உணர்ந்தே இலங்கை அரசாங்கம் 2012இல் விதிகள் வகுத்து, 100 மீட்டருக்குள் படகு நெருங்கலாகாது என்று கட்டளையிட்டது. விதி ஏட்டில் இருக்கின்றது. அதை மீறும்படி கூவுகின்ற வாயோ பயணிகளாகிய நம்முடையது.

நம் மனத்தில் துன்புறுத்தும் எண்ணம் இல்லையே, எண்ணமன்றோ கர்மமாவது என்று நம் அன்பர் ஒருவர் வாதித்தார். தக்க வாதமே. அறியாது செய்ததும் அறிந்து செய்ததும் ஒன்றல்ல என்பது பகவான் புத்தரின் உபதேசத்தில் தெளிவாக உள்ளது. ஆனால் அச்சிறுவன் வினவிய பின்னர் நாம் அறியாதவர்கள் என்று எவ்வாறு சொல்ல இயலும்? அவ்வினாவுக்கு முன் நம்மிடம் இருந்தது அறியாமை. அதன்பின் படகு மீண்டும் பாய்ந்தபோது நாம் வாளா இருந்தது பிரமாதம், அதாவது அறிந்தும் கருதாமை. கொடுத்த பணத்துக்கு முழுக்காட்சி வேண்டும் என்ற ஆசையே அதன் வேர். மூதாட்டியின் கூப்பிய கையும் நமது கூச்சலும் ஒரே திமிங்கிலத்தைக் கண்டு எழுந்தவைதாம். ஒன்று கண்டதனோடு நிறைவுற்றது. மற்றொன்று மேலும் வேண்டிற்று.

அங்ஙனமாயின் படகேறாது ஊரிலேயே இருந்துவிட்டால் நாம் மாசற்றவர்களா? இக்கேள்வியையும் கேட்டே ஆகவேண்டும். தேவேந்திரமுனைக்குத் தெற்கே உலகத்தின் மிக நெருக்கமான கப்பற் பாதைகளுள் ஒன்று செல்லுகின்றது. பெருங்கப்பல்களின் முகப்பில் மோதி இறக்கும் திமிங்கிலங்களைப் பற்றி ஆராய்ச்சியாளர் நெடுநாள் எச்சரித்து வந்தனர். 2022இல் எம்.எஸ்.சி. என்னும் பெரிய கப்பற் கம்பெனி தன் கப்பல்களை அங்கே ஏறத்தாழ 15 கடல் மைல் தெற்கே விலகிச் செல்லுமாறு பணித்தது. சிறிது எண்ணெயும் சிறிது நேரமும் கூடச் செலவிட்டால் பல உயிர்கள் பிழைக்கும் என்பதற்கு இஃது ஒரு சான்று.

இச்செய்தி நமக்கு அயலானதன்று. பூவாற்றுக்கு வடக்கே, நம் கரையிலேயே, விழிஞம் துறைமுகம் 2025ஆம் ஆண்டு மே மாதம் 2ஆம் தேதி நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. அதே விழிஞத்துக்கு அருகில் கடலடியில் வைத்த ஒலிக்கருவிகளில் நீலத் திமிங்கிலத்தின் குரல் 2021இல் பதிவாகியிருக்கின்றது. நெய்யாறு கடலோடு கலக்கும் பொழிமுகத்தில் நின்று நாம் மாலைக் காற்று வாங்கும்போது, அப்பால் நம் கண்ணுக்கு எட்டாத ஆழத்தில் அவை இருக்கின்றன. நம் வீட்டுச் சாமான்களிற் பல கப்பலேறி வந்தவையே. எனவே, படகேறாதவன் தன் கை சுத்தமென்று பெருமை கொள்ளுதலும் ஒருவகை மயக்கமே. பிற உயிருக்குச் சிறிதும் இடர் செய்யாது வாழ்தல் இவ்வுலகில் அரிது. செய்யும் இடரை அறிந்து குறைத்தலே இல்லறத்தாராகிய நமக்கு ஆகக்கூடியது.

குறைப்பதற்கு அளவுகோல் யாது? அதை நம் கரையிலேயே காணலாம். திருவனந்தபுரம் மாவட்டத்துக் கடற்கரையில், கரமடி வலையில் திமிங்கிலச் சுறா சிக்கிக்கொள்வது உண்டு. அது திமிங்கிலமன்று, மீனினத்திலேயே மிகப் பெரியது. 2001 முதல் நம் நாட்டுச் சட்டத்தால் காக்கப்படுவது. அண்மை ஆண்டுகளில் மீனவர் பலர் வலையை அறுத்து அதனைக் கடலில் விடுவித்துள்ளனர். 2016ஆம் ஆண்டு ஜனவரியில் திருச்செந்தூரை அடுத்த கரையில் எண்பதுக்கு மேற்பட்ட சிறுவகைத் திமிங்கிலங்கள் ஒதுங்கியபோதும், மீனவர்களே நீரில் இறங்கி அவற்றை ஆழத்துக்குத் தள்ளினர். தள்ளியவற்றுள் சில திரும்பவும் கரைக்கே வந்தன. அவர்களும் திரும்பவும் தள்ளினர். வலை என்பது அக்குடும்பங்களின் அன்றாட உணவு. அதை அறுப்பவன் தனக்கு நஷ்டத்தை ஏற்றுக்கொண்டு ஓர் உயிரை விடுவிக்கின்றான். நாமோ பணம் கொடுத்து நம் மகிழ்ச்சியை வாங்கினோம். அதற்குத் திமிங்கிலத்தின்மேல் அன்பு என்று பெயரிட்டோம். தன் விருப்பத்தில் சிறிதேனும் விட்டுக்கொடாத அன்பு, அன்பென்று சொல்லத்தக்கதோ?

நெய்யாற்றின் கரையில் அருவிப்புறத்தில் 1888இல் பிரதிஷ்டை செய்த நாராயண குரு, ‘ஜீவகாருண்ய பஞ்சகம்’ என்று ஐந்து செய்யுள் இயற்றிய பெரியார் என்பதை இக்கிராமத்தார் அறிவர். உயிரிரக்கம் நம் மண்ணுக்குப் புதிய பாடமன்று. பழைய பாடத்தைப் புதிய வேடிக்கைகளுக்கு எவ்வாறு பொருத்துவது என்பதே இன்று நம் முன் நிற்பது.

ஆதலின் நம் முடிவை இவ்வாறு கூறுவோம். அடுத்த யாத்திரையில் படகுப் பயணத்தை அறவே விலக்க வேண்டுவதில்லை. ஆனால் சில நிபந்தனைகள் வேண்டும். பணம் செலுத்துமுன், 100 மீட்டர் விதியைக் காப்பீரா என்று படகோட்டியிடம் கேட்க வேண்டும். நெருங்கிச் செல்லுமாறு நம்மில் எவரும் கோரமாட்டோம், நெருங்கியதற்காக மேற்பணமும் தரமாட்டோம் என்று புறப்படும் முன்னரே அவரிடம் சொல்லிவிட வேண்டும். திமிங்கிலத்தைச் சுற்றி ஏற்கெனவே படகுகள் கூடியிருந்தால் நம் படகு விலகி நிற்க வேண்டும். ஒன்றையும் காணாது திரும்ப நேர்ந்தால் முணுமுணுப்பின்றித் திரும்ப வேண்டும். இவற்றுக்கு இசையும் படகு கிடைக்காவிடில் கரையிலேயே இருந்துவிடலாம். திருகோணமலைக்குச் செல்வோர், பருவம் வாய்த்தால், கோணேசர் கோயில் அமைந்த குன்றின்மேல் நின்றே தூரத்தில் அவற்றின் நீராவித் தூணைக் காண்பதும் உண்டு. கரையிலிருந்து காண்பவனுக்கு அஞ்சி ஒரு திமிங்கிலமும் மூழ்குவதில்லை.

இலங்கைக்குச் செல்ல வசதியற்ற அன்பர்கள், இக்கட்டுரை தமக்கன்று என்று கருதவேண்டா. விடுமுறை நாட்களில் நாம் பூவாற்றில் படகேறிக் கண்டற் காடுகளினூடே சென்று பொழிமுகத்து மணற்றிட்டைக் கண்டு வருகின்றோம். மரக்கிளையில் சிறகு உலர்த்தும் நீர்க்காகத்தைப் படம் பிடிக்க வேண்டி, இயந்திரத்தை முடுக்கி அருகே செல்லச் சொல்பவரும் நம்மிடையே உளர். அது பறந்துபோனால், “போய்விட்டதே” என்று வருந்துகின்றனர்; உலராத சிறகோடு அது போனதைக் கருதுவதில்லை. திமிங்கிலத்திடம் காட்டவேண்டிய மரியாதையை முதலில் நீர்க்காகத்திடம் பழகுவோமாக.

மிரிஸ்ஸவிலிருந்து கரைக்குத் திரும்பும்போது அச்சிறுவனின் தகப்பனார் நெடுநேரம் பேசாதிருந்தார். பின்னர் மகனைப் பார்த்து, “ஆமாம் தம்பி, நம்மைக் கண்டுதான் ஓடிற்று. இனி வந்தால் தள்ளி நின்று பார்ப்போம்” என்றார். அச்சொல்லை யாத்திரை சென்ற பதினொருவரும் நம் சொல்லாக ஏற்றுக்கொள்ளுகின்றோம். இதனினும் சிறந்த வழி தோன்றும் அன்பர்கள் அடுத்த கூட்டத்தில் எடுத்துரைக்குமாறு வேண்டுகின்றோம்.