கையெழுத்து யாருடையது?

சித்திரவதையில் ஒருவன் சொன்னது அவன் சொன்னதாகுமா? பழைய கேள்விதான். ரஷ்ய நாடக இயக்குநர் மெயர்ஹோல்டை வைத்துக் கேட்கும்போது கூர்மை கொள்கிறது. உடம்பே மனத்துக்கு வழி என்று நம்பியவர் அவர். அவருடைய 'பயோமெக்கானிக்ஸ்' பயிற்சியில் நடிகன் உணர்ச்சிக்காகக் காத்திருப்பதில்லை. அசைவு சரியாக அமைந்தால் உணர்ச்சி பின்தொடரும்.

1938 ஜனவரியில் அவருடைய தியேட்டரை மூடினார்கள். கலையில் எதிர்த்துருவமான ஸ்தானிஸ்லாவ்ஸ்கிதான் தம் இசைநாடக அரங்கில் இடம் கொடுத்தார். ஆகஸ்டில் அவரும் இறந்தார். 1939 ஜூன் 20ல் லெனின்கிராடில் கைது. ஜூலையில் மனைவி, நடிகை ஸினைதா ரைஹ், மாஸ்கோ வீட்டில் குத்திக் கொல்லப்பட்டார். சிறையில் 65 வயதுக்காரரைக் குப்புறக் கிடத்தி உள்ளங்காலிலும் முதுகிலும் ரப்பர் வாரால் அடித்தார்கள். ஒற்றன் என்று ஒப்புக்கொண்டார். பாஸ்டர்நாக், எரன்பர்க் பெயர்களையும் சொன்னார்.

உடம்பை இயக்கினால் சொல் பின்தொடரும் என்று அடித்தவனும் நம்பினான் என சாமர்த்தியமாக எழுதிவிடலாம். அந்த ஒப்புமை பொய். நடிகனின் அசைவு அவன் கற்றுத் தேர்ந்தது. நிறுத்த நினைத்தால் நிறுத்துவான். நிறுத்த முடியாத இடத்தில் இருப்பது அசைவல்ல, வெறும் துடிப்பு. துடிப்புக்கு யாரும் பொறுப்பாளியல்ல.

நாம் இப்படிச் சொல்லி அவரை விடுவித்துவிடலாம். இந்த விடுதலை அவருக்குப் போதவில்லை என்பதுதான் முக்கியம். 1940 ஜனவரியில் மோலடோவுக்கு எழுதிய கடிதத்தில் பட்ட அடிகளை விவரித்து, ஒப்புதலைத் திரும்பப் பெற்றார். பிப்ரவரி 1ல் மூடிய கதவுக்குள் நடந்த விசாரணையிலும் மறுத்தார். மறுநாள் சுட்டுக் கொன்றார்கள்.

அவரைப் புனிதராக்க வேண்டியதில்லை. 1918ல் கட்சியில் சேர்ந்தவர். 1920ல் அரசின் நாடகப் பிரிவுக்குத் தலைமை வகித்து, பழைய அரங்குகளுக்கு எதிராக 'நாடக அக்டோபர்' என்று முழங்கியவர். அதிகாரத்தின் துணை கலைக்கு வேண்டும் என்று நம்பியவர் அதே அதிகாரத்தால் அழிந்தார். ஆனால் இதைத் தண்டனைக் கணக்கில் சேர்ப்பது அடித்தவனின் தர்க்கம். அநியாயத்துக்கு ஆளாக ஒருவன் மாசற்றவனாக இருந்தாக வேண்டும் என்று எந்த நியாயமும் கேட்பதில்லை.

பலனை வைத்து அளந்தால் அந்த மறுப்பு வீண். உயிரைக் காக்கவில்லை, பார்க்க ஒரு பார்வையாளனும் இல்லை. ஆனால் தன் பெயரில் இருந்த பொய்யை, அடிபட்ட அதே உடம்போடு, அடித்தவர்கள் கையிலேயே இருந்துகொண்டு, பொய் என்றார். ஒப்புதல் அவர்கள் எழுதியது. மறுப்பு அவர் எழுதியது. அவர் குற்றமற்றவர் என்று அரசு அறிவித்தது 1955ல். பதினைந்து வருஷத்துக்கு முன் அவரே சொன்னதற்குமேல் அதில் புதிதாக ஒன்றுமில்லை.