சிரித்த முகங்களின் காப்பகம்

வீட்டுக் கேமராவை அழும்போது யாரும் கையில் எடுப்பதில்லை. அந்தக் காலத்து 8 மி.மீ. சுருள் ஒன்று ஏறக்குறைய 4 நிமிடம்தான் ஓடும். விலையும் அதிகம். அதனால் பிறந்தநாள், நீச்சல், பனிச்சறுக்கு, குழந்தையின் முதல் நடை என்று நல்ல பொழுதுகளுக்கே செலவழித்தார்கள்.

ஹங்கேரியத் திரைப்பட இயக்குநர் பேட்டர் ஃபோர்காச் 1983-இல் புடாபெஸ்டில் இத்தகைய சுருள்களுக்காக ஒரு காப்பகம் தொடங்கினார். 1988 முதல் அவற்றைக் கொண்டு ‘தனியார் ஹங்கேரி’ என்ற படவரிசையைச் செய்துவந்தார். போரும் இனப்படுகொலையும் கண்ட ஐரோப்பா அங்கே சிரித்துக்கொண்டே இருக்கிறது.

*

அவருடைய ‘தி மெயில்ஸ்ட்ரோம்’ (1997), நெதர்லாந்தில் வாழ்ந்த பேரபோம் என்ற யூதக் குடும்பத்தின் சுருள்களால் ஆனது. எடுத்தவர் மாக்ஸ் பேரபோம். கடைசிக் காட்சி 1942-இல் எடுத்தது. மேசையைச் சுற்றிக் காபி குடிக்கிறார்கள். பயணத்துக்கான துணிகளைத் தைத்துச் சரிசெய்கிறார்கள். வேலை முகாமுக்குப் போகிறோம் என்று நினைத்தார்கள். போய்ச் சேர்ந்தது ஆஷ்விட்ஸ் கொலைமுகாம்.

ஃபோர்காச் இதற்குப் பிறகு பிணக்குவியலைக் காட்டவில்லை. கிழிசலைத் தைக்கிறவர்கள் அந்தத் துணியை இன்னும் பல நாள் உடுத்தப்போவதாக நம்புகிறார்கள். அது போதும் என்று விட்டுவிடுகிறார்.

*

அதே படத்தில் இன்னொரு வீட்டின் சுருள்களும் வருகின்றன. நெதர்லாந்தை ஆண்ட நாஜி ஆணையர் சைஸ்-இன்க்வார்ட்டின் வீடு. அவரும் குடும்பத்தோடு விளையாடுகிறார், சிரிக்கிறார். கேமராவுக்கு இரண்டு வீடும் ஒன்றுதான். எதை எதன் பக்கத்தில் வைப்பது என்பதில்தான் தொகுப்பவரின் நீதி இருக்கிறது.

*

நாந்தோர் ஆந்த்ராஷோவிட்ஸ் டான்யூப் நதியில் கப்பலோட்டிய கேப்டன். கையில் எப்போதும் ஒரு சிறிய கேமரா. 1939-இல் அவர் கப்பலில் ஏறிய யூத அகதிகள் கருங்கடல் வழியே பாலஸ்தீனம் போய்ச்சேர நினைத்தவர்கள். தளத்தில் நின்று தொழுதார்கள். 1940-இல் ஏறியவர்கள் பெஸரேபியாவின் ஜெர்மானியர்கள். சோவியத் ஆட்சி வந்ததும் ஊரைக் காலிசெய்து எதிர்த்திசையில் வந்தவர்கள். கேப்டன் இரு கூட்டத்தாரையும் படமெடுத்தார். ஃபோர்காச் அவற்றை ‘டான்யூப் எக்ஸோடஸ்’ (1998) ஆக்கினார். இரண்டு துயரமும் சமம் என்றோ அல்ல என்றோ படம் தீர்ப்பு எழுதுவதில்லை. முடிச்சைப் பார்ப்பவர் கையிலேயே கொடுத்துவிடுகிறது.

*

யாராவது கேமராவை நேராகப் பார்த்தால் ஃபோர்காச் அந்த இடத்தில் ஓட்டத்தை மெதுவாக்குவார். சில நேரம் நிறுத்தியேவிடுவார். அந்தப் பார்வை கேமராவுக்குப் பின்னால் நின்ற கணவனுக்கோ அண்ணனுக்கோ உரியது. இப்போது அந்த இடத்தில் நாம் இருக்கிறோம், அழைப்பில்லாமல்.

*

முடிவு தெரிந்தவர்களுக்கு முன்கூட்டியே அழத் தோன்றும். அப்படி அழுதால், சுருளில் இருப்பவர்கள் வாழ்ந்த நாட்களையும் சாவின் கணக்கிலேயே எழுதிவிடுகிறோம். கொன்றவர்கள் விரும்பியதும் அதுவே. கண்ணீரைக் கொஞ்சம் தள்ளிப்போட்டு அவர்கள் சிரிப்பை முழுதாகப் பார்ப்பது, பார்க்கிறவர் செய்யக்கூடிய மரியாதை.