சிற்றிலுக்கு எந்தச் சாயம்?

ஆண்பாற் பிள்ளைத்தமிழில் சிற்றில் என்றொரு பருவம் உண்டு. அது மணலிற் கட்டிய வீடு. அதற்குச் சாயம் வேண்டியதில்லை. கிளமெண்டியின் அடுக்குமாடியில் மணலுக்கு எங்கே போவது? ஆகவே பெற்றோர் மரப்பலகையால் ஒரு சிறு வீடு செய்து கூடத்து மூலையில் நிறுத்துகின்றனர். அதற்கு எதைப் பூசுவது என்பது கடைக்காரரைக் கேட்டுத் தீர்த்துக்கொள்ளும் சில்லறை விஷயம் என்றே பலர் எண்ணுவர். நாம் அவ்வாறு எண்ணவில்லை. டின்னில் உள்ளதைப் படிக்கத் தெரிந்தவன் ஒருவன். அச்சாயத்தைத் தின்னப்போகிறவன் வேறொருவன். முன்னவன் பின்னவனுக்குப் பட்ட கடன் யாது?

தின்னப்போகிறவன் என்றது மிகையன்று. இரண்டு வயதுப் பிள்ளை ஜன்னல் விளிம்பைக் கடிக்கும். கதவைத் தடவிய விரலைச் சூப்பும். ஆஸ்திரேலியாவில் பிரிஸ்பேன் நகரத்துக் கண் வைத்தியர் லாக்ஹார்ட் கிப்ஸன் 1904-இல் இதனை எழுதினார். அவ்வூர் மரவீடுகளின் தாழ்வாரக் கைப்பிடிகளிற் பூசிய ஈயச் சாயம் வெயிலிற் பொடியாயிற்று. பொடி விரலில் ஒட்டிற்று. விரல் வாய்க்குப் போயிற்று. குவீன்ஸ்லாந்து அரசாங்கம் 1922-இல் பிள்ளைகளுக்கு எட்டுமிடங்களில் அச்சாயத்தைத் தடுத்தது. செல்வமும் கல்வியும் மிகுந்த அமெரிக்காவோ 1978-இல்தான் வீட்டுச் சாயத்தினின்று அதனை விலக்கிற்று. பத்து லட்சம் பங்கில் 90 பங்குக்கு மேல் ஈயம் கூடாதென்று இந்தியா விதி செய்தது 2016-இல். அறியாமையால் வந்த தாமதமா இது? அன்று. ஈயம் சாயத்துக்கு நிறமும் ஆயுளும் தந்தது. விற்பவனுக்கு லாபம், வாங்குபவனுக்குத் திருப்தி. நஷ்டப்பட்டவனுக்கோ இன்னும் பேச்சு வரவில்லை.

தோட்டத்திற் கணக்கெழுதும் நமக்கு இதில் ஒரு விபரீதம் தோன்றுகிறது. அங்கே களைக்கொல்லி மருந்து பூட்டிய அறையில் இருக்கிறது. கையெழுத்தின்றி ஒரு போத்தலும் வெளியேறாது. வளர்ந்த ஆளுக்கே இவ்வளவு காவல். விழுங்கிய ஈயத்தில் சிறு பிள்ளையின் உடல் வளர்ந்தவரைவிட நான்கைந்து மடங்கு உறிஞ்சிக்கொள்ளும் என்றும், தீங்கற்ற அளவு என ஒன்று அறியப்படவில்லை என்றும் உலகச் சுகாதார நிறுவனம் கூறுகிறது. அப்பிள்ளைக்கு வரும் சாயமோ டின்னின்மேல் ஒரு சிரித்த முகத்தோடு வருகிறது!

பழங்காலத்தில் எல்லாம் இயற்கையே என்பாரும் உளர். அம்பாசமுத்திரத்துச் செப்புச் சாமான்களின் அரக்குப் பூச்சு நல்லதே. ஆனால் செந்தூரம் என்று நம்மவர் போற்றிய சிவப்பு பல சமயம் ஈயச் சிவப்பேயாகும். வாடையில்லை என்பதும் சான்றாகாது. வாடை ஆவியாகும் பொருளைப் பற்றியது, உலோகம் மணப்பதில்லை. பிள்ளைகள் விரும்பும் மஞ்சளும் ஆரஞ்சுமே ஈயக் குரோமேட்டால் நெடுங்காலம் செய்யப்பட்டவை. தேட வேண்டியது 'இ.என். 71-3' என்னும் ஐரோப்பிய விளையாட்டுப் பொருள் விதியின் குறி. வயிற்றுப் புளிப்பு போன்ற அமிலத்தில் எவ்வளவு உலோகம் கரைகிறது என்று அது சோதிக்கிறது. ஆங்கிலப் பள்ளியிற் படித்த நாமே அச்சிறு எழுத்தை இரண்டு முறை படிக்க வேண்டியிருக்கிறது. பேரப்பிள்ளையை வளர்க்கும் பாட்டி என் செய்வாள்? ஒவ்வொரு தகப்பனும் ஒரு ரசாயனசாலை வைத்திருக்க முடியாது. ஆதலின் முதற்கடன் செய்பவனுடையது. அவனை அடக்கும் சட்டத்தினுடையது.

நிற்க. சட்டம் எட்டாத இடமும் ஒன்றுண்டு. புளோக்கின் கீழே யாரோ கழித்துப் போட்ட கதவு இலவசமாகக் கிடைக்கிறது. கிளமெண்டியில் அடுக்குமாடிகள் எழுந்தது 1970-களில். அக்கதவின்மேல் எத்தனை பூச்சு, எந்நாட்டுச் சாயம் என்று யார் அறிவார்? அதன்மேல் எவ்வளவு உயர்ந்த சாயம் பூசினாலும் பிள்ளையின் பல் புதுப்பூச்சோடு நிற்காது. உப்புத்தாளால் தேய்த்தெடுக்கலாம் என்றால், தூசி வீடெங்கும் பரவும். அது அதனினும் கேடு. சிக்கனம் நம் பணத்திற் செய்ய வேண்டியது. பிள்ளையின் மூளையில் அன்று. கதவு அங்கேயே கிடக்கட்டும்.

புதுப்பலகை வாங்கிய பின் கைப்பணம் போதாதவர் அதனை நன்றாக இழைத்துச் சிலாம்பு போக்கி, சாயமின்றியே விடலாம். பூச்சி அரியாதிருக்க மருந்தேற்றிய பலகையா என்று மட்டும் மரக்கடையிற் கேட்டுக்கொள்ளட்டும்.